தறியிலிருந்து ஒரு நாவல், நாவலிலிருந்து ஒரு கல்வெட்டு: வாசகர் கேள்வி-பதில்

கதைப் புத்தகமும் கட்டுரைப் புத்தகமும் கலந்து படிப்பதில் உங்களுக்கு எங்கே தடங்கல் என்று போன இதழில் கேட்டிருந்தோம். சேலம் வட்டாரத்திலிருந்து வந்த கடிதங்களில் சிலவற்றுக்கு இங்கே பதில் எழுதியிருக்கிறேன். பெயர் வேண்டாம் என்று பலரும் சொன்னதால் ஊர் மட்டும் போட்டிருக்கிறது.

கல்யாணத்துக்கு முன்னால் மாத நாவல்களாகப் படித்துத் தள்ளுவேன். அப்புறம் பல வருஷம் புத்தகமே தொடவில்லை. இப்போது பிள்ளைகள் ஸ்கூலுக்குப் போனபின் கொஞ்சம் நேரம் கிடைக்கிறது, கிளை நூலகத்திலும் சேர்ந்துவிட்டேன். ஆனால் அலமாரி முன்னால் போய் நின்றால் கை பழைய மாதிரி நாவலுக்குத்தான் போகிறது. வரலாறு, அனுபவம், பயணம் என்று எல்லாம் படிக்க ஆசை. எங்கே ஆரம்பிப்பது? வீட்டில் தறி ஓடுகிறது, சத்தத்துக்கு நடுவில்தான் படிக்கணும்.
(வாசகி, அம்மாபேட்டை)

முதலில் ஒன்று, அந்த மாத நாவல்களைக் குறைவாக நினைக்காதீர்கள். ஒரே மூச்சில் நூறு பக்கம் படிக்கிற பழக்கத்தை உங்களுக்குக் கொடுத்தது அவைதான், அந்தப் பழக்கம் இல்லாமல் பெரிய பெரிய புத்தகங்களை வாங்கி அடுக்கி வைத்திருப்பவர்களை எனக்குத் தெரியும். அடுத்தது, 'சாவதற்குள் படிக்க வேண்டிய நூறு புத்தகங்கள்' மாதிரிப் பட்டியல்களை இப்போதைக்குத் தள்ளி வையுங்கள். அவை யாரோ ஒருவருடைய ஆசை. உங்கள் வீட்டுக்குள்ளேயே ஒரு நல்ல ஆரம்பம் இருக்கிறது, கடிதத்தின் கடைசி வரியில் போகிற போக்கில் எழுதிவிட்டீர்கள். தறி.

தறியைப் பற்றித் தமிழில் நல்ல நாவல்கள் உண்டு. தொ.மு.சி. ரகுநாதனின் 'பஞ்சும் பசியும்' 1953இல் வந்தது. நூல் விலை ஏறிப்போய்க் கைத்தறிக் குடும்பங்கள் பட்டினி கிடந்த காலத்தைத் திருநெல்வேலிப் பக்கத்து நெசவாளர்களை வைத்துச் சொல்கிற கதை. எம்.வி. வெங்கட்ராமின் 'வேள்வித் தீ' கும்பகோணத்துச் சௌராஷ்டிர நெசவாளர் குடும்பத்தைப் பற்றியது. அம்மாபேட்டையில் இருப்பவருக்கு அந்த வீட்டுக்குள் நுழைவதற்கு யாரும் வழி சொல்ல வேண்டியதில்லை. பாவு, ஊடை, தார் என்று வரும்போது மற்றவர்கள் தடுமாறுகிற இடத்தில் நீங்கள் சரளமாகப் போய்விடுவீர்கள், இதில் என்னைவிட உங்களுக்கு விஷயம் அதிகம் தெரியும்.

இந்த நாவல்களில் ஒன்றை முடித்த கையோடு காந்தியின் 'சத்திய சோதனை'யைக் கையில் எடுங்கள். முதல் பக்கத்திலிருந்து ஆரம்பிக்கவே வேண்டாம், கடைசிப் பகுதியில் கதர் எப்படிப் பிறந்தது என்று சொல்லும் அத்தியாயம் இருக்கும், நேராக அங்கே போங்கள். 'இந்திய சுயராஜ்யம்' எழுதிய காலத்தில் கைத்தறியையோ ராட்டையையோ கண்ணால் பார்த்த ஞாபகம்கூடத் தனக்கு இல்லை என்று காந்தியே ஒளிக்காமல் எழுதுகிறார். ஆசிரமத்தில் தறியைக் கொண்டுவந்து வைத்தபிறகு நெய்யத் தெரிந்தவர் ஒருவரும் இல்லை, பாலன்பூரிலிருந்து ஒரு நெசவுக்காரரை வரவழைத்தால் அவர் தன் வித்தையை முழுசாகச் சொல்லிக் கொடுக்கவில்லை. தறி வீட்டில் பிறந்தவர்கள் அந்தப் பக்கங்களைப் படிக்கும்போது, புத்தகத்தில் இருப்பது சுதந்திரப் போராட்டம் என்பதை மறந்துவிட்டு, ஏன் சொல்லிக் கொடுக்கவில்லை என்று அந்த நெசவுக்காரர் பக்கமிருந்து யோசிக்க ஆரம்பிப்பீர்கள். தன்வரலாறு என்றால் வறட்சியாக இருக்கும் என்ற பயம் அங்கேயே போய்விடும். மீதிப் புத்தகத்தை அப்புறம் நிதானமாகப் படிக்கலாம்.

இதே நெசவு இழையைப் பிடித்துக்கொண்டு இன்னொரு பக்கமும் போகலாம். நெசவாளர் நாவலை எழுதிய அதே ரகுநாதன்தான் தன் நண்பர் புதுமைப்பித்தனின் வாழ்க்கையை 'புதுமைப்பித்தன் வரலாறு' என்று எழுதினார். அதைப் படித்தால் புதுமைப்பித்தனின் சிறுகதைகளைப் படிக்காமல் இருக்க முடியாது. நாவல், வாழ்க்கை வரலாறு, சிறுகதை என்று மூன்று வகையும் வந்துவிட்டது, நீங்களோ வகையைத் தேடவே இல்லை, ஒரு ஆளைத் தொடர்ந்து போனீர்கள், அவ்வளவுதான். கலந்து படிப்பதற்கு எனக்குத் தெரிந்த வழி இது ஒன்றுதான். இந்த மாதம் இரண்டு நாவல், இரண்டு வரலாறு, ஒரு அறிவியல் என்று கணக்குப் போட்டால் அது வீட்டுப்பாடம் ஆகிவிடும், நாலாவது வாரம் விட்டுவிடுவோம்.

நூலகத்தில் நாவல் ஒரு அலமாரியிலும் தன்வரலாறு வேறு அலமாரியிலும் இருக்கும், தறி என்று தனியாகப் பலகை எழுதி வைத்திருக்க மாட்டார்கள். அதனால் நூலகரிடம் புத்தகத்தின் பெயரைச் சொல்லிக் கேட்பதோடு விஷயத்தையும் சொல்லிக் கேளுங்கள். 'நெசவு பற்றி என்ன இருந்தாலும் கொடுங்கள், கதையானாலும் சரி, கட்டுரையானாலும் சரி' என்று சொல்லிப் பாருங்கள். தயங்க வேண்டாம். சீர்காழியில் பிறந்த எஸ்.ஆர். ரங்கநாதன் 1931இல் எழுதிய நூலக அறிவியல் விதிகள் ஐந்தில் ஒன்று ஒவ்வொரு வாசகருக்கும் அவருக்கான புத்தகம் கிடைக்க வேண்டும் என்பது, இன்னொன்று ஒவ்வொரு புத்தகத்துக்கும் அதற்கான வாசகர் கிடைக்க வேண்டும் என்பது. சுதந்திர இந்தியாவிலேயே முதல்முறையாகப் பொது நூலகச் சட்டம் வந்தது 1948இல் நம் சென்னை மாகாணத்தில்தான். வீட்டு வரியோடு நூலக வரியும் சேர்த்துத்தான் கட்டுகிறோம், அதனால் கேட்பது உங்கள் உரிமை. கிளையில் இல்லாவிட்டால் மாவட்ட மைய நூலகத்தில் பாருங்கள்.

சத்தத்துக்கு நடுவில் படிப்பதற்கு ஒன்று சொல்லணும் என்றால் தொ. பரமசிவனின் 'பண்பாட்டு அசைவுகள்'. உணவு, உப்பு, உடை என்று தினமும் புழங்கும் விஷயங்களைப் பற்றிய சின்னச் சின்னக் கட்டுரைகள், ஒரு கட்டுரையைப் படித்துவிட்டு எழுந்து சோறு வடித்துவிட்டு வந்து அடுத்ததைப் படிக்கலாம்.

டிஎன்பிஎஸ்சிக்குப் படித்துக்கொண்டிருக்கிறேன். நாவலைக் கையில் பார்த்தாலே அப்பா, 'நடக்காத கதையைப் படித்து என்ன ஆகப்போகிறது' என்கிறார். யோசித்தால் அவர் சொல்வது சரிதானோ என்று தோன்றுகிறது. தகவல் நூல்கள் மட்டும் போதாதா?
(வாசகர், சூரமங்கலம்)

தேர்வு வரைக்கும் தேர்வுக்குப் படியுங்கள், அதில் அப்பாவோடு எனக்குச் சண்டை இல்லை. நாவல் படித்தால் மதிப்பெண் கூடும் என்றெல்லாம் சொல்ல மாட்டேன். ஆனால் நடக்காத கதை என்பதை ஒப்புக்கொள்ள முடியாது.

மேட்டூர் அணை 1934 என்று மனப்பாடம் செய்திருப்பீர்கள். தண்ணீர் மட்டம் இறங்கும்போது பண்ணவாடிப் பக்கம் பழைய நந்தியும் தேவாலயக் கோபுரமும் வெளியே தெரியும், நீங்களே போய்ப் பார்த்திருக்கலாம். அங்கே ஊர் இருந்தது, ஊரில் ஆட்கள் இருந்தார்கள். வீட்டையும் கொல்லையையும் விட்டுக் கிளம்பிய அன்றைக்கு ஒரு கிழவருக்கு என்ன ஆகியிருக்கும் என்பதற்குத் தேர்வுப் புத்தகத்தில் இடம் கிடையாது. வைகை அணைக்காக மூழ்கிய ஊர்களைப் பற்றி வைரமுத்து எழுதிய 'கள்ளிக்காட்டு இதிகாசம்' அதைத்தான் சொல்கிறது. ஆறு வேறாக இருக்கலாம், நடந்தது ஒன்றுதான்.

இன்னும் கிட்டத்தில் வேண்டுமா, ச. பாலமுருகனின் 'சோளகர் தொட்டி' இருக்கிறது. வீரப்பன் தேடுதல் வேட்டையின்போது சத்தியமங்கலம் மலைப் பழங்குடி மக்கள் பட்ட சித்திரவதையைப் பற்றிய நாவல். எழுதியவர் அந்த மக்களுக்காக வேலை செய்த மனித உரிமை வழக்கறிஞர். இதைப் படித்து முடித்துவிட்டு 'நடக்காத கதை' என்று யாரும் சொல்ல மாட்டார்கள். பாமாவின் 'கருக்கு' தன் வாழ்க்கையை எழுதியது, ஆனால் நாவல் மாதிரி ஓடும். கதை இந்தப் பக்கம், நிஜம் அந்தப் பக்கம் என்று கோடு கிழித்து வைத்துக்கொண்டால் இந்த இரண்டு புத்தகத்தையும் எந்தப் பக்கம் வைப்பீர்கள்?

அப்பாவுக்கும் ஒன்று கொண்டுபோய்க் கொடுங்கள். உ.வே. சாமிநாதையரின் 'என் சரித்திரம்'. தகவல்தான் வேண்டும் என்கிறவருக்கு அதில் 19ஆம் நூற்றாண்டுத் தமிழ்நாடே இருக்கிறது, அதே சமயம் மாணவர் சாமிநாதன் தன் ஆசிரியர் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் வந்து சேர்கிற பகுதி எந்த நாவலுக்கும் குறையாத கதை.

'பொன்னியின் செல்வன்' படமும் பார்த்தேன், புத்தகமும் படித்தேன். இதில் எது நிஜம், எது கற்பனை? தெரிந்துகொள்ள என்ன படிக்கலாம்?
(வாசகி, ஆத்தூர்)

இந்தக் கேள்வி வருகிற ஒவ்வொரு முறையும் எனக்குச் சந்தோஷம்தான், ஏனென்றால் நாவலிலிருந்து வரலாற்றுக்குப் போக இதைவிட நல்ல வாசல் தமிழில் கிடையாது. 'கல்கி' பத்திரிகையில் 1950 முதல் 1954 வரை தொடராக வந்த கதை. நந்தினி கல்கியின் கற்பனை. வந்தியத்தேவன் நிஜமான ஆள், குந்தவையின் கணவர் என்று தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டிலிருந்து தெரிகிறது, ஆனால் அவரைப் பற்றி அதற்குமேல் கிடைப்பது ரொம்பக் குறைவு, மீதியெல்லாம் கல்கி நமக்காகச் செய்து கொடுத்தது. ராஜராஜனின் அண்ணன் ஆதித்த கரிகாலன் கொலை நிஜம். காட்டுமன்னார்கோவிலுக்கு அருகே உடையார்குடி கோயிலில் இருக்கும் ராஜராஜன் காலத்துக் கல்வெட்டு ரவிதாசனையும் அவன் சகோதரர்களையும் துரோகிகள் என்று சொல்கிறது, அவர்களுடைய, அவர்கள் உறவினர்களுடைய நிலங்களைப் பறிமுதல் செய்ததைப் பற்றிப் பேசுகிறது. யார் தூண்டினார்கள், ஏன் என்பதுதான் இன்னும் ஆராய்ச்சியாளர்கள் சண்டை போடுகிற இடம், கல்கி நாவலை நுழைத்ததும் அந்த இடைவெளியில்தான்.

கே.ஏ. நீலகண்ட சாஸ்திரியின் சோழர் வரலாறு தமிழிலும் கிடைக்கிறது. தி.வை. சதாசிவ பண்டாரத்தாரின் 'பிற்காலச் சோழர் வரலாறு' உங்களுக்கு முதலில் ஏற்றது, தமிழிலேயே எழுதப்பட்டது. முழுவதும் படிக்க வேண்டுமென்று இல்லை, சுந்தர சோழன், உத்தம சோழன், ராஜராஜன் பகுதிகளை மட்டும் நாவலைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு படித்துப் பாருங்கள். ஒரு கல்வெட்டு வரியை கல்கி எப்படி ஒரு அத்தியாயமாக மாற்றியிருக்கிறார் என்று தெரியும்போது அவர்மேல் மதிப்பு கூடும். நிஜம் தெரிந்தால் கதை கெட்டுப்போகும் என்று சிலர் பயப்படுவார்கள், எனக்கு அப்படி ஒருபோதும் ஆனதில்லை.

சினிமா பைத்தியம் நான். வேறு எதுவும் படிக்கப் பிடிப்பதில்லை. எனக்கெல்லாம் என்ன புத்தகம் இருக்கப்போகிறது?
(வாசகர், அஸ்தம்பட்டி)

ஏற்காடு சாலையில் மாடர்ன் தியேட்டர்ஸின் நுழைவு வளைவைத் தாண்டிப் போய்வருகிற ஊரில் இருந்துகொண்டு இப்படிக் கேட்கலாமா! டி.ஆர். சுந்தரம் 1935இல் தொடங்கிய நிறுவனம் அது. கருணாநிதி வசனம் எழுதிய 'மந்திரி குமாரி' 1950இல் அங்கேயிருந்து வந்தது, தமிழின் முதல் வண்ணப் படமான 'அலிபாபாவும் நாற்பது திருடர்களும்' 1956இல் வந்தது. கண்ணதாசனும் அங்கே வேலை பார்த்தவர். அவருடைய 'வனவாசம்' படியுங்கள், தன் கதையைத்தான் எழுதுகிறார், ஆனால் 'நான்' என்று சொல்லாமல் 'அவன்' என்றே எழுதிக்கொண்டு போகிறார், சினிமாவும் அரசியலும் பிழைப்பும் எல்லாம் அதில் உண்டு.

அதற்குப் பக்கத்தில் வைக்க வேண்டியது அசோகமித்திரனின் 'கரைந்த நிழல்கள்'. அவர் ஜெமினி ஸ்டூடியோவில் 1952 முதல் 1966 வரை வேலை பார்த்தவர். படம் எடுக்கிற ஒரு கம்பெனி எப்படி நொடித்துப் போகிறது, அதில் இருந்தவர்கள் என்ன ஆனார்கள் என்பதுதான் நாவல். ஸ்டார் யாரும் இல்லை, தயாரிப்பு நிர்வாகி, உதவியாளர், கூட்டத்தில் ஆடும் பெண்கள் என்று நாம் திரையில் கவனிக்காதவர்கள். ஸ்டூடியோவில் மாதச் சம்பளத்துக்கு இருந்தவர்களைப் பற்றி எனக்குத் தெரிந்து இவ்வளவு நேர்மையாக எழுதிய நாவல் தமிழில் வேறு இல்லை. அப்புறம் தியடோர் பாஸ்கரனின் சினிமா கட்டுரைகள். அவரைப் பிடித்துவிட்டால் உங்களுக்கு இன்னொரு லாபம், அதே மனிதர் காட்டைப் பற்றியும் பறவைகளைப் பற்றியும் தமிழில் அருமையாக எழுதியிருக்கிறார். சினிமாவுக்காக உள்ளே போன வாசகர்கள் அங்கேயிருந்து காட்டுயிர் பக்கம் போய்ச் சேர்ந்ததை நான் பார்த்திருக்கிறேன்.

ஏற்காட்டில் காபித் தோட்டத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். எங்கள் மலையைப் பற்றிச் சுற்றுலா வழிகாட்டி தவிர வேறு எதுவும் கண்ணில் படவில்லை. கதையோ வரலாறோ ஏதாவது சொல்லுங்கள் ஐயா.
(வாசகர், ஏற்காடு)

உங்கள் மலையின் வரலாறு ஆங்கிலத்தில்தான் முதலில் எழுதப்பட்டது. லெஃபானு 1883இல் எழுதிய சேலம் மாவட்டக் கையேடும், எஃப்.ஜே. ரிச்சர்ட்ஸ் எழுதி 1918இல் வந்த சேலம் மாவட்ட கெசட்டியரும் இணையத்தில் இலவசமாகக் கிடைக்கின்றன. அவை எழுதப்பட்டபோது தருமபுரி, கிருஷ்ணகிரி எல்லாமே சேலம் மாவட்டம்தான், அதனால் தடிமனான புத்தகங்கள். வீட்டில் படிக்கிற பேரப் பிள்ளைகள் இருந்தால் சேர்வராயன் மலை வரும் பக்கங்களை மட்டும் எடுத்துப் படித்துச் சொல்லச் சொல்லுங்கள். 1820களில் கலெக்டராக இருந்த காக்பர்ன் இந்த மலைக்குக் காபியைக் கொண்டுவந்த விஷயத்தைப் பற்றி அவர்கள் படிப்பார்கள், காபிச் செடியோடு வாழ்க்கை பூராவும் இருந்த நீங்கள் அவர்களுக்கு மீதியைச் சொல்லலாம். ஒன்று மட்டும் கவனம். அவை ஆட்சி செய்தவர்கள் வரி வசூலுக்கும் நிர்வாகத்துக்கும் எழுதிக்கொண்டவை. இந்த மலையின் பழங்குடிகளான மலையாளி மக்களைப் பற்றி எழுதும்போது மேலிருந்து பார்க்கிற பார்வைதான் இருக்கும்.

அந்தக் குறையைத் தீர்க்கத்தான் நாவல் வேண்டியிருக்கிறது. பி.எச். டேனியல் ஆனைமலைத் தேயிலைத் தோட்டங்களில் டாக்டராக இருந்தவர், அங்கே கூலிகளுக்கு நடந்ததைப் பார்த்து ஆங்கிலத்தில் எழுதிய நாவல் 1969இல் வந்தது, இரா. முருகவேள் அதை 'எரியும் பனிக்காடு' என்று தமிழாக்கினார். தேயிலையும் காபியும் வேறு வேறுதான், ஆனால் கங்காணி, முன்பணம், லயன் வீடு, துரை என்று வருகிறபோது உங்களுக்கு அந்நியமாக இருக்காது. படிக்கக் கஷ்டமான புத்தகம், நெஞ்சைப் பிசையும், அதைச் சொல்லிவிட வேண்டும்.

இன்னொருவர் ராஜம் கிருஷ்ணன். நீலகிரிப் படகர்களைப் பற்றி 'குறிஞ்சித் தேன்', தூத்துக்குடி உப்பளத் தொழிலாளர்களைப் பற்றி 'கரிப்பு மணிகள்'. அந்தந்த இடத்துக்கே போய், ஆட்களோடு பழகி, விசாரித்து எழுதினார், அதனால் அவர் நாவல் ஒவ்வொன்றிலும் ஒரு தொழிலைப் பற்றித் தெரிந்துகொள்ளலாம். டாக்டர் ரங்காச்சாரியின் வாழ்க்கை வரலாறும் அவர் எழுதியதே. சேர்வராயன் மலைக்கு அப்படி ஒருவர் இன்னும் வரவில்லையே என்று எனக்கு ஆதங்கம் உண்டு. உங்கள் அனுபவத்தை ஒரு நோட்டில் எழுதத் தொடங்குங்கள் ஐயா, உண்மையாகவே கேட்கிறேன். எந்த மாதம் பூ பூக்கும், பழம் பறிக்க யார் யார் எந்த ஊரிலிருந்து வருவார்கள், கூலி எவ்வளவு இருந்தது, அது போதும்.

ஆரம்பித்த புத்தகத்தைப் பாதியில் விடலாமா?
(வாசகர், ஓமலூர்)

தாராளமாக. ஆனால் கட்டுரைப் புத்தகம் என்றால் மூடுவதற்கு முன் பொருளடக்கத்தைப் பார்த்து உங்களுக்குப் பிடித்த அத்தியாயம் ஒன்றை மட்டும் படித்துவிட்டு மூடுங்கள். நாவலில் அப்படிச் செய்ய முடியாது, ஐம்பது பக்கம் கொடுத்துப் பாருங்கள்.

புத்தக விலையெல்லாம் எங்கேயோ போய்விட்டது. மாதம் ஒன்று வாங்குவதே கஷ்டம். என்ன செய்வது?
(வாசகர், கொண்டலாம்பட்டி)

வாங்காமலே நிறையப் படிக்கலாம். 1949இல் பாரதி பாடல்களில் தொடங்கி, தமிழக அரசு பல எழுத்தாளர்களின் நூல்களை நாட்டுடைமை ஆக்கியிருக்கிறது. ராஜம் கிருஷ்ணன் எழுத்துகள் அவர் உயிரோடு இருக்கும்போதே நாட்டுடைமை ஆனவை. இவற்றில் நிறைய தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகத்தில் இலவசம். 1998இல் தொடங்கிய மதுரைத் திட்டம் என்ற இணைய மின்னூல் தொகுப்பில் சங்கப் பாடல் முதல் கல்கி வரை இருக்கிறது, செல்போனிலேயே படிக்கலாம். காகிதத்தில்தான் வேண்டும் என்றால் நேஷனல் புக் டிரஸ்ட், சாகித்ய அகாதெமி வெளியீடுகளைத் தேடுங்கள், மற்ற இந்திய மொழிகளிலிருந்து வந்த நாவல்கள் குறைந்த விலையில் கிடைக்கும். தகழியின் 'செம்மீன்' சுந்தர ராமசாமி மொழிபெயர்ப்பில் அகாதெமி போட்டதுதான். புத்தகத் திருவிழாவில் கூட்டமில்லாத ஸ்டால்கள் இவைதான், நேராக அங்கே போங்கள்.

எனக்கு ராக்கெட், நட்சத்திரம் எல்லாம் பிடிக்கும். அம்மா கதைப் புத்தகம் படி என்கிறார்கள். ஏழாம் வகுப்பு படிக்கிறேன். என்ன படிக்கலாம்?
(வாசகி, வாழப்பாடி)

பாப்பா, நட்சத்திரத்தை விடவே வேண்டாம். தமிழ்நாடு அறிவியல் இயக்கம் நடத்தும் 'துளிர்' என்று ஒரு மாத இதழ் இருக்கிறது, உன் வயதுப் பிள்ளைகளுக்காகவே வருகிறது, அறிவியல் நிறைய இருக்கும். அம்மாவுக்காக 'டோட்டோ-சான், ஜன்னலில் ஒரு சிறுமி' என்ற புத்தகத்தையும் எடு. ஜப்பானில் பழைய ரயில் பெட்டிகளை வகுப்பறையாக வைத்திருந்த ஒரு பள்ளியில் படித்த பெண், பெரியவளானதும் தன் பள்ளியைப் பற்றி எழுதியது. படிக்கும்போது கதை மாதிரி இருக்கும், ஆனால் எல்லாம் நடந்தது. முதல் நாள் அந்தத் தலைமை ஆசிரியர் அவள் பேசுவதை எவ்வளவு நேரம் கேட்டுக்கொண்டிருந்தார் என்று பார். துளிர் உங்கள் பள்ளி நூலகத்துக்கு வரவில்லை என்றால் அறிவியல் டீச்சரிடம் சொல்லு, சந்தா கட்டிப் பள்ளிக்கே வரவழைக்கலாம், உன் வகுப்பில் எல்லோருக்கும் ஆகும்.